காலண்டர் தாளின் பின்பக்கம்

கொள்ளேகாலத்திலிருந்து மாதேஸ்வரன் மலைக்குப் போகிற பஸ், ஹனூரையும் ராமாபுரத்தையும் தாண்டிக் கௌதள்ளியில் நிற்கும். அந்த ஐந்து நிமிஷத்துக்குள் டிரைவருக்கு ஒரு டீ, கண்டக்டருக்கு ஒரு டீ, ஜன்னல் வழியாக நீளும் கைகளுக்கு நாலைந்து. முப்பது வருஷமாக அங்கே டீ ஆற்றியவருக்குத் தமிழ் பேசுகிறவர்கள் வைத்த பெயர் கடையம்மா. கன்னடம் பேசுகிறவர்களுக்கு ஹோட்டலம்மா. சொந்தப் பெயர் ரேஷன் கார்டில் மட்டும் இருந்தது.

கடை என்றால் பெரிதாக ஒன்றுமில்லை. ஓட்டுச் சாய்ப்பு, இரண்டு பெஞ்சு, ஒரு பம்ப் ஸ்டவ், பின்னால் ஒற்றை அறையில் குடும்பம். அமாவாசைக்கு அமாவாசை மலைக்குக் கூட்டம் போகும். சிவராத்திரிக்கும் உகாதிக்கும் கனகபுரா, ராமநகரம், மண்டியா பக்கமிருந்து ஜனங்கள் நடந்தே வருவார்கள். காவிரியைக் கடந்து, காட்டை மிதித்து, கால் வெடித்து, "உகே மாதப்பா, உகே" என்று குரல் கொடுத்துக்கொண்டு அந்தச் சாலையில் இரவெல்லாம் நடை. தாளபெட்டாவில்தான் ஏற்றம் ஆரம்பம். அதற்கு முன்னால் கௌதள்ளியில் உட்கார்ந்து மூச்சு வாங்குவார்கள். கடையம்மா அந்த நாட்களில் மோருக்குக் காசு வாங்கமாட்டார். சாலையோரத்து வீடுகள் எல்லாவற்றிலும் அந்த வழக்கம் உண்டு.

அவருடைய மகளுக்கு நினைவில் இருக்கிற முதல் சத்தம் அந்தச் சாலையின் சத்தம்தான். பிறந்தது 1984. அப்போது கௌதள்ளி மைசூர் ஜில்லா. 1997-இல்தான் சாமராஜநகர் தனி மாவட்டமாகப் பிரிந்தது. அதற்கும் முன்னால், 1956-இல் மொழிவாரியாக எல்லை வகுக்கும் வரை, கொள்ளேகாலம் தாலுகா முழுக்கச் சென்னை மாகாணத்தில், கோயமுத்தூர் ஜில்லாவுக்குள் இருந்தது. கோடு நகர்ந்தது, வீடுகள் நகரவில்லை. அதனால்தான் அந்தப் பக்கத்து வீடுகளில் அடுப்படியில் தமிழும் வாசலில் கன்னடமுமாக இன்றைக்கும் இரண்டு மொழி புழங்குகிறது. மகள் பள்ளியில் படித்தது கன்னடம். அம்மா எதுவும் படிக்கவில்லை. அப்பா கருங்கல் குவாரிகளில் மாதக்கணக்கில் வேலைக்குப் போகிறவர். எண்கள் தெரியும், கையெழுத்துப் போடத் தெரியும், அவ்வளவுதான்.

கடையம்மாவின் பிறந்த ஊர் கோபிநத்தம். மலைக்கு அந்தப் பக்கம், காட்டுக்குள் ஒதுங்கிய தமிழ் ஊர். 1980-கள் வரைக்கும் அந்தப் பெயரைக் கேட்டால் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். சந்தனக் கடத்தல்காரன் வீரப்பன் பிறந்த ஊர் என்று செய்தித்தாள்கள் எழுத ஆரம்பித்ததும் நிலைமை மாறியது. பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரர் சாதாரணமாக "எந்த ஊரு?" என்று கேட்டால்கூடக் கடையம்மா புகுந்த ஊரின் பெயரைத்தான் சொன்னார்.

அந்த ஊருக்கு இன்னொரு கதையும் உண்டு. அதைச் சொல்லாமல் கோபிநத்தத்தைப் பற்றிப் பேசக்கூடாது என்பது கடையம்மாவின் கண்டிப்பு. ஆந்திராவின் ராஜமுந்திரியில் பிறந்த பி. ஸ்ரீனிவாஸ் என்ற வனப்பணி அதிகாரி, வீரப்பனைத் தேடுகிற பொறுப்போடு அங்கே வந்தார். வந்தவர் ஊர்க்காரர்களோடு ஊர்க்காரராக இருந்தார். மருந்து கொடுத்தார். வீடில்லாதவர்களுக்கு வீடு கட்ட முனைந்தார். மாரியம்மன் கோயிலை எடுத்துக் கட்டினார். சரணடைகிறேன் என்று ஆள் அனுப்பியதை நம்பி ஆயுதமில்லாமல் காட்டுக்குள் போனவரை 1991 நவம்பர் 10-ஆம் தேதி வீரப்பன் கொன்றான். அப்போது அவருக்கு வயது 37. பிறகு அரசு கீர்த்தி சக்ரா விருது அறிவித்தது. ஊரோ அவர் படத்தை மாரியம்மன் கோயிலிலேயே வைத்துக் கும்பிட்டது. கடையம்மாவின் தாயார் செத்துப்போகும் வரை "ஆபீசரய்யா கொடுத்த மாத்திரை" என்று ஒரு காலி அட்டையைச் சுருக்குப் பையில் வைத்திருந்தார். சொந்த ஊரைப் பற்றி ஊருலகம் என்ன பேசினாலும், அந்த மாத்திரை அட்டை கடையம்மாவுக்கு ஒரு பிடிமானம்.

அதற்கப்புறம் ஒன்றன்மேல் ஒன்றாக விழுந்தது. 1992 மே மாதம் வீரப்பன் ஆட்கள் ராமாபுரம் போலீஸ் ஸ்டேஷனில் புகுந்து ஐந்து போலீஸ்காரர்களைக் கொன்றார்கள். கௌதள்ளிக்கு அது பக்கத்து ஊர். ஆகஸ்டில் மீண்யம் அருகே மைசூர் எஸ்.பி. ஹரிகிருஷ்ணாவையும் சப்-இன்ஸ்பெக்டர் ஷகீல் அகமதுவையும் கொன்றார்கள். 1993 ஏப்ரல் 9-ஆம் தேதி பாலாற்றங்கரையில் கண்ணிவெடி. 22 பேர் செத்தார்கள். பொழுது சாய்ந்தால் சாலை செத்துவிடும். பஸ் இல்லை, லாரி இல்லை, நடந்து வருகிற பக்தர்களும் இல்லை. கடைசி டீ நாலரை மணிக்கு. ஆறு மணிக்குக் கதவைச் சாத்தி உள்தாழ்ப்பாள் போட்டுவிட்டால் விடியும் வரை சுவர்க்கோழிச் சத்தம்தான். இரவில் நாய் குரைத்தால் வீட்டுக்குள் மூன்று பேரும் எழுந்து உட்கார்ந்துவிடுவார்கள். விளக்கேற்ற மாட்டார்கள்.

அந்த வருஷம் ஒருநாள் அப்பாவைப் போலீஸ் விசாரணைக்கு என்று கூட்டிக்கொண்டு போனார்கள். பெண் எடுத்த ஊர் கோபிநத்தம் என்பது காரணமாக இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம். யாரும் சொல்லவில்லை. பதினோரு நாள். பன்னிரண்டாம் நாள் கடையம்மாவை வரச் சொல்லி, மேஜையில் ஒரு தாளை வைத்து, அவருடைய கட்டைவிரலை மசியில் அமுக்கி அதில் ஒற்றி எடுத்தார்கள். தாளில் கன்னடத்தில் ஒரு பக்கம் நிறைய எழுதியிருந்தது. என்ன எழுதியிருக்கிறது என்று அவர் கேட்டார். அப்புறம் தெரிஞ்சுக்கலாம் என்றார்கள். புருஷனைக் கூட்டிக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டார்.

மகளுக்கு அப்போது ஒன்பது வயது. அன்றைக்கு நடந்ததில் அவளுக்கு நன்றாக நினைவிருப்பது அம்மாவின் கட்டைவிரல். கடைக்குப் பின்னால் குத்தவைத்து உட்கார்ந்துகொண்டு, புளியும் சாம்பலும் போட்டு அம்மா தேய்த்துக்கொண்டே இருந்தார். நீலம் மங்கியதே தவிர ரேகைப் பள்ளங்களுக்குள் போனது போகவில்லை. தோல் சிவந்துவிட்டது. கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு உள்ளே வந்தவர், மகளிடம் கேட்டார்:

"கண்ணு, உன் ஒண்ணாங்கிளாஸ் புஸ்தகம் இருக்குதா?"

இருந்தது. அட்டை போய், முனை சுருண்டு, அரிசி டின்னுக்கு அடியில் கிடந்தது.

வீரப்பனைத் தேடிய போலீஸிடம் காட்டோரத்து மக்கள் அந்தக் காலத்தில் பட்ட பாட்டைப் பிற்பாடு தேசிய மனித உரிமை ஆணையம் நீதிபதி சதாசிவா தலைமையில் குழு அமைத்து விசாரித்தது. 2007-இல் இரண்டு மாநிலங்களையும் சேர்ந்த 89 பேருக்கு 2 கோடியே 80 லட்சம் ரூபாய் இழப்பீடு என்று முடிவானது. இந்த வீட்டுக்காரர்கள் எங்கும் மனு கொடுக்கவில்லை, அந்தப் பட்டியலிலும் இல்லை. அப்பா திரும்பி வந்தாரே தவிர அவருடைய பேச்சு திரும்பி வரவில்லை. சாப்பிடக் கூப்பிட்டால் வருவார். விறகு பிளப்பார். கேட்டால் தலையாட்டுவார். குவாரிக்குப் போவதையும் விட்டுவிட்டார். வெளியே சாலை ஓய்ந்து கிடந்தது, வீட்டுக்குள் அவர் வாயடைத்து உட்கார்ந்திருந்தார்.

அந்த இரண்டுக்கும் நடுவில்தான் கடையம்மா எழுத்துக் கூட்ட ஆரம்பித்தார்.

கன்னடப் பாடத்தில் அப்போது முதலில் வந்த எழுத்துகள் ர, க, ச, த, அ. அகர வரிசையில் போகாமல், இந்த ஐந்தை மட்டும் வைத்தே சொற்களாகக் கோத்துக் காட்டுவார்கள். அரச, அகச, சர, கரகச. ராஜா, வண்ணார், மாலை, ரம்பம். மகள் டீச்சர். வலது கையில் ஒரு விறகுக் குச்சி. ஸ்டவ்வின் நீல வெளிச்சம் போதாது என்று சிம்னி விளக்கை ஒரு டால்டா டப்பாவுக்குள் வைத்து, வெளிச்சம் புஸ்தகத்தின் மேல் மட்டும் விழுகிற மாதிரி டப்பாவின் ஒரு பக்கத்தை வெட்டியிருந்தார்கள். வெளியே இருந்து பார்த்தால் வீடு இருட்டாகவே இருக்கும்.

கன்னட எழுத்துகள் பலவற்றின் உச்சியில் சிறு வளைகோடு ஒன்று உட்கார்ந்திருக்கும். அதற்குப் பெயரே தலைக்கட்டு. கடையம்மாவுக்கு அது உடனே பிடித்துப்போனது. "தலப்பா கட்டாம ஒரு எழுத்தும் வெளிய வராதாட்டம் இருக்குது" என்றார். 'ர' என்றால் ஒரு முறுக்கு, மேலே தலைப்பாகை. 'க' என்றால் குடை, அதற்கு மேல் தலைப்பாகை. இப்படித்தான் ஒவ்வொன்றாகப் பிடித்தார். ஸ்லேட்டில் எழுதும்போது கட்டைவிரலை அழுத்திப் பிடிப்பார். நகம் வெள்ளையாகிவிடும். மசி வைத்த அதே விரல். ரேகையில் ஒட்டிய நீலம் பத்து நாளில் போய்விட்டது.

ஒரு ராத்திரி 'கரகச' வந்தது. நாலு எழுத்தையும் தனித்தனியாகச் சொல்லிவிட்டார். சேர்த்துச் சொன்னால் நாக்கு இடறியது. கரசக, சரகக, கசரக என்று மூன்று முறை தப்பாகச் சொல்லி நாலாம் முறை சரியாக வந்தது. ஆனால் அந்தச் சொல்லுக்கு என்ன அர்த்தம் என்று அவருக்குத் தெரியவில்லை. மகள் யோசித்துக்கொண்டிருந்தாள். மூலையில் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருந்த அப்பா, திரும்பாமலே சொன்னார்:

"ரம்பம்."

மூன்று மாதத்தில் அவர் தானாகப் பேசிய முதல் வார்த்தை அதுதான். குவாரியில் கன்னட மேஸ்திரிகளிடம் கேட்டுப் பழகிய சொல். கடையம்மா திரும்பிப் பார்க்கவில்லை. அழவுமில்லை. "ரம்பமா, சரி" என்று சொல்லிவிட்டு அடுத்த வரிக்கு விரலை நகர்த்தினார். அன்றிலிருந்து அவர் கொஞ்சம் சத்தமாகப் படித்தார். தெரிந்த சொல்லையும் தெரியாத மாதிரி வைத்துக்கொண்டு மூலையைப் பார்ப்பார். சில ராத்திரி பதில் வரும், சில ராத்திரி வராது.

இப்படி அடுப்படியில் ஒளித்துப் படித்தவர்கள் இதற்கு முன்னும் இருந்திருக்கிறார்கள் என்பது மகளுக்கு வளர்ந்த பிறகுதான் தெரிந்தது. வங்காளத்தில் ராசசுந்தரி தேவி என்ற குடும்பப் பெண், சைதன்ய பாகவதச் சுவடியிலிருந்து ஓர் ஏட்டை உருவிச் சமையலறையில் ஒளித்து வைத்து, மகன் எழுதிப் பழகிய ஓலையோடு ஒப்பிட்டு ஒப்பிட்டு எழுத்துகளைக் கற்றார். பெண் படித்தால் குடும்பத்துக்கு ஆகாது என்று நம்பிய 19-ஆம் நூற்றாண்டு அது. அவர் எழுதிய 'ஆமார் ஜீபன்' 1876-இல் வெளிவந்தது. வங்க மொழியின் முதல் தன்வரலாறு என்று அதைச் சொல்கிறார்கள். தமிழில் வை.மு. கோதைநாயகி அம்மாள் தன் முதல் நூலான 'இந்திர மோகனா'வைத் தாமே எழுதவில்லை. எழுதத் தெரியாததால் தோழி பட்டம்மாளிடம் சொல்லச் சொல்ல அவர் எழுதினார். பிறகு எழுத்துப் பழகி, 1925-இலிருந்து 'ஜகன்மோகினி' பத்திரிகையை நடத்தி, நூற்றுக்கு மேற்பட்ட நாவல்கள் எழுதியவர் அவர்.

இன்னும் பக்கத்தில் ஒரு சாட்சி உண்டு. கௌதள்ளியில் டப்பா விளக்கு எரிந்த அதே 1990-களின் தொடக்கத்தில், புதுக்கோட்டையில் அறிவொளி இயக்கத்தில் சேர்ந்த ஆயிரக்கணக்கான கிராமத்துப் பெண்கள் எழுத்தோடு சைக்கிளும் கற்றுக்கொண்டிருந்தார்கள். ஷீலா ராணி சுங்கத் அங்கே கலெக்டர். கல் உடைக்கிற பெண்களும் நாற்று நடுகிற பெண்களும் கடன் வாங்கிய ஆம்பிளை சைக்கிளில் கூட்டம் கூட்டமாகப் போனார்கள். 1991 கணக்கெடுப்புப்படி இந்தியாவில் எழுதப்படிக்கத் தெரிந்த பெண்கள் நூற்றுக்கு 39 பேர். புதுக்கோட்டையில் எழுத்துப் படிப்பு ஊர்வலமாக நடந்தது, பாட்டும் கொடியுமாக. கௌதள்ளியில் உள்தாழ்ப்பாள் போட்ட அறைக்குள், ஒரே ஒரு மாணவியோடு நடந்தது. கும்பலோடு கற்கிற துணிச்சல் ஒரு வகை. யாருக்கும் தெரியாமல் கற்பதில் இருக்கிற பிடிவாதத்தைப் பற்றி யாரும் பெரிதாக எழுதவில்லை என்று மகளுக்கு ஒரு மனக்குறை உண்டு.

ஒரு வருஷத்தில் கடையம்மா பஸ் போர்டு படித்தார். மறு வருஷம் ரேஷன் கடைப் பலகை, மருந்துச் சீட்டில் அச்சடித்த பகுதி, மளிகை கட்டி வருகிற பேப்பர். ஒருநாள், தாசில்தார் ஆபீஸ் தாள் ஒன்றில் கைநாட்டு வைக்கச் சொன்னபோது, "இருங்க" என்று நின்றபடியே முழுக்கப் படித்தார். அரை மணி நேரம் ஆனது. பின்னால் வரிசையில் முணுமுணுத்தார்கள். படித்து முடித்துக் கையெழுத்துப் போட்டார். கோணல்மாணலாக இருந்தது. வரும் வழியில் மகளிடம், "ஒண்ணும் பெருசா எழுதல. வருமானந்தான் போட்டிருந்துது" என்றார். அந்தக் குரலில் இருந்த ஓய்வை மகள் அதற்கு முன் கேட்டதில்லை.

தமிழ் எழுத்து வந்தது வேறு வழியில். கடையம்மாவின் தம்பி மேட்டூரில் வேலையில் இருந்தார். கடிதம் தமிழில் எழுதுவார். தமிழ் பேசுகிற வீட்டில் தமிழ் படிக்க ஒருவரும் இல்லை. யாராவது சேலத்து லாரிக்காரர் வந்தால்தான் கடிதம் பிரிக்கப்படும். தம்பி கடிதத்தோடு வருஷா வருஷம் ஒரு தினசரி காலண்டரும் அனுப்புவார். கடை ஆணியில் அது படத்துக்காக மட்டும் தொங்கும்.

மார்ட்டள்ளியிலிருந்து நிலக்கடலை கொண்டுவந்து விற்கிற ஒரு கிழவி இருந்தார். மார்ட்டள்ளி தமிழ்க் கத்தோலிக்கர்கள் தலைமுறை தலைமுறையாக வாழ்கிற ஊர். ஜெபப் புத்தகம் படித்தே தமிழ் எழுத்துப் பழகியவர் அந்தக் கிழவி. வாரத்தில் ஒருநாள், கூடையை இறக்கி வைத்துவிட்டு, அம்மாவையும் மகளையும் ஒரே பெஞ்சில் உட்காரவைத்து ஆனா ஆவன்னா சொல்லிக் கொடுத்தார். நேற்றுவரை டீச்சராக இருந்த மகள் இப்போது அம்மாவுக்குப் பக்கத்து மாணவி. இதில் அம்மாவுக்கு இருந்த சந்தோஷத்தைச் சொல்லி முடியாது. மகளை விட ஒரு எழுத்து முன்னால் போய்விட்டால் முழங்கையால் இடிப்பார்.

பாடப் புத்தகம் காலண்டர்தான். தேதித் தாளின் அடியில் பன்னிரண்டு ராசிக்கும் ஒவ்வொரு சொல்லில் பலன் போட்டிருப்பார்கள். லாபம், செலவு, பயம், ஓய்வு, உதவி, நிம்மதி, பகை, பாசம். ராசி பலனில் கிழவிக்கு நம்பிக்கை இல்லை, அதைத் தொடக்கூடாது என்பார். ஆனாலும் சின்னச் சின்னச் சொல்லாக வேறெங்கே கிடைக்கும்? "பலனை நம்பாதே, எழுத்தை மட்டும் பாரு" என்று சமாதானம் செய்துகொண்டார். அம்மாவுக்கும் மகளுக்கும் தமிழின் முதல் சொற்கள் இவைதான்.

ஊர்ப் பெயர்தான் தகராறு பண்ணியது. 'கௌ' என்ற எழுத்தின் கடைசிப் பகுதியும் 'ள'வும் பார்க்க ஒன்றுபோலவே இருக்கும். கௌதள்ளியா, கெளதள்ளியா என்று கிழவியிடம் கேட்டால், "ரெண்டும் ஒண்ணாட்டந்தான் இருக்கும், நீயா புரிஞ்சுக்கோணும்" என்றார். மேட்டூர்த் தம்பி வம்பே வேண்டாம் என்று உறையில் 'கவுதள்ளி' என்று எழுதுவார். கடையம்மா கடைசிவரை அதையே வைத்துக்கொண்டார்.

2000-ஆம் ஆண்டு ஜூலை 30-ஆம் தேதி ராத்திரி, தாளவாடி பக்கம் தொட்டகாஜனூர் வீட்டிலிருந்து நடிகர் ராஜ்குமாரை வீரப்பன் கடத்திக்கொண்டு போனான். கன்னட தேசம் முழுக்க மூச்சை அடக்கிக்கொண்டது. மகள் அப்போது கொள்ளேகாலத்தில் பி.யூ.சி. படித்துக்கொண்டிருந்தாள். பஸ்ஸில் தோழியோடு பேச வாயெடுத்தால் பக்கத்துப் பெண்மணி தொடையில் மெல்லத் தட்டுவார், தமிழில் பேசாதே என்று. அந்தப் பெண்மணியும் தமிழ்தான். ராஜ்குமாருக்கு ஏதாவது ஆகிவிட்டால் என்ன நடக்கும் என்று யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. 1991 டிசம்பரில் தமிழர்கள் தாக்கப்பட்ட காவிரிக் கலவரத்தைப் பார்த்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதும் இல்லை.

ஜூலை 31 காலையில் கடையம்மா செய்த முதல் வேலை, கடை ஆணியிலிருந்து தமிழ்க் காலண்டரைக் கழற்றி உள்ளே அடுப்படியில் மாட்டியது. ஆணி இருந்த இடத்தில் மாதேஸ்வரர் புலி மேல் உட்கார்ந்திருக்கிற படத்தை மாட்டினார். அன்று மாலை தேதித் தாளைக் கிழித்தவர், அதைச் சுருட்டி எறியாமல் திருப்பி, பின்பக்கத்து வெள்ளையில் பென்சிலால் எழுதினார். 'டீ 9. பஸ் 2.'

மறுநாளும் எழுதினார். அதற்கு மறுநாளும். பேச முடியாத மொழியில், ஒரு தாளுக்கு ஒரு வரி, மிஞ்சினால் இரண்டு வரி. 'டீ 6. மழை.' 'பால் திரிஞ்சு போச்சு.' 'புள்ள கொள்ளேகாலத்துல இருக்கா. ஞாயித்துக்கெழம வருவா.' 'அவரு இன்னிக்கி ரெண்டு தோச கேட்டாரு.' 'ராகியில யான பூந்துட்டுது.' 'டீ 0.' வெளியில் கன்னடக்காரர்களும் பயந்துதான் இருந்தார்கள், அவர்கள் பயம் ராஜ்குமாருக்காக. பக்கத்து மளிகைக்கடை கன்னட அம்மாள் தினமும் சாயங்காலம் வந்து, "ஏதாவது சேதி உண்டா?" என்று கேட்டுவிட்டுப் போவார். அதுவும் ஒரு தாளில் இருக்கிறது: 'கௌரம்மா வந்து ஒக்காந்துட்டு போச்சு. ரெண்டு பேரும் ஒண்ணும் பேசல.' பெயர் அதுவல்ல, மகள் மாற்றியிருக்கிறார்.

மொத்தம் 108 நாள். நவம்பர் 15-ஆம் தேதி ராஜ்குமார் விடுதலையானார்.

அதற்குப் பிறகு இரண்டு வருஷத்தில், 2002-இல், ஹனூர்ப் பகுதியின் முன்னாள் அமைச்சர் நாகப்பாவைக் காமகெரேயிலிருந்து கடத்தினார்கள். அவர் உயிரோடு திரும்பவில்லை. 2004 அக்டோபர் 18-இல் தருமபுரி பாப்பாரப்பட்டி அருகே வீரப்பன் சுட்டுக் கொல்லப்பட்டான். சாலைக்கு மறுபடி உயிர் வந்தது. ராத்திரி பஸ், கார், அமாவாசைக் கூட்டம், பெஞ்சு இரண்டு போய் ஆறு, பம்ப் ஸ்டவ் போய் கேஸ் அடுப்பு. மகள் பெங்களூருவில் வேலைக்குப் போனார். 2011-இல் அப்பா தூக்கத்திலேயே போய்ச் சேர்ந்தார். கடைசி வருஷங்களில் அவர் தேவைக்குப் பேசுகிறவராக ஆகியிருந்தார். அம்மா கன்னடப் பேப்பர் படிக்கும்போது எதிர் பெஞ்சில் உட்கார்ந்து கேட்பது மட்டும் அப்படியே தொடர்ந்தது.

2020 மார்ச்சில் கொரோனா ஊரடங்கு அறிவிப்பதற்கு இரண்டு நாள் முன்னால் மகள் கௌதள்ளிக்கு வந்து சேர்ந்தார். மலைக்கோயில் பக்தர்களுக்கு அடைத்தாயிற்று. பஸ் நின்றது. இருபத்தேழு வருஷத்துக்கு முந்தைய அதே மௌனம் சாலையில் வந்து உட்கார்ந்தது. மகளுக்கு முதல் ராத்திரி தூக்கமே வரவில்லை. ஏழு மணிக்கு நாய் குரைத்ததும் கை தானாக சுவிட்சை அணைத்தது. அம்மாதான் மறுபடி விளக்கைப் போட்டார்.

"அது அந்தச் சத்தமில்ல கண்ணு. இது வேற. கேட்டுப்பாரு."

கேட்டால், உண்மையில் வேறாகத்தான் இருந்தது. மயில் அகவியது. தூரத்து ராகிக் காட்டில் பரண் மேலிருந்து யாரோ யானைக்குத் தகரம் தட்டினார்கள். ஜூன் தொடக்கம் வரை சாமராஜநகர் மாவட்டத்தில் ஒருவருக்குக்கூட நோய் பதிவாகவில்லை என்பது அப்போது மாநிலம் முழுக்கப் பேச்சாக இருந்தது. வியாபாரம் இல்லை. அம்மா அதைப் பற்றி ஒரு நாளும் புலம்பவில்லை. கையில் அரிசி இருந்தது, மொச்சை காய்ந்திருந்தது. காலையில் வாசல் பெருக்கினார், ஒரே ஒரு டம்ளர் டீ போட்டு இருவருக்கும் ஆற்றினார், பெஞ்சில் காலை நீட்டி உட்கார்ந்து மளிகை பேப்பரைப் படித்தார். வேலையில்லாத சாலையைப் பார்த்துக்கொண்டு நிறைவாக உட்கார அவருக்குத் தெரிந்திருந்தது. பெங்களூருவில் எட்டு வருஷம் யோகா வகுப்புக்குப் போன மகளுக்கு அது தெரியவில்லை.

அந்த வெயில் காலத்தில்தான் டால்டா டப்பா வெளியே வந்தது. பரணில் எலி புகுந்ததால் இறக்கினார்கள். விளக்குக்காக ஒரு பக்கம் வெட்டிய அதே டப்பா. உள்ளே சணல் கயிறு கட்டிய தாள்கள், வருஷ வாரியாக. 2000 மட்டுமில்லை. அதற்குப் பிறகும் அவர் நிறுத்தவே இல்லை. இருபது வருஷம், நாளுக்கு ஒரு தாள். அப்பா போன அன்றைக்கு மட்டும் ஒன்றும் எழுதாத வெள்ளைத் தாள் கட்டில் இருக்கிறது.

மகள் அதையெல்லாம் படித்துவிட்டு, அம்மாவிடம் கேரளத்துக் கார்த்தியாயினி அம்மாவைப் பற்றிச் சொன்னார். 2018-இல், தன் 96-ஆம் வயதில், எழுத்தறிவுத் தேர்வெழுதி நூற்றுக்கு 98 வாங்கியவர். ஊரடங்குக்குச் சில நாள் முன்னால்தான் டெல்லியில் ஜனாதிபதி கையால் விருது வாங்கியிருந்தார். போனில் படத்தைக் காட்டினார். அம்மா வெகுநேரம் பார்த்துவிட்டு, "ரெண்டு மார்க்கு எதுல போச்சாம்?" என்று கேட்டார். மகளுக்குத் தெரியவில்லை. "கேட்டிருக்கோணும்" என்றார் அம்மா.

ஊரடங்கு முடிகிற சமயத்தில் மகள் இந்த நினைவுகளைத் தமிழில் எழுத உட்கார்ந்தார். பள்ளியில் ஒரு நாள்கூடத் தமிழ் படிக்காதவர், காலண்டர் பலனில் கற்ற தமிழில் எழுதினார். எழுதியதைப் பெஞ்சில் உட்கார்ந்து அம்மாவுக்கு வாசித்துக் காட்டினார். கட்டைவிரல் பகுதி வந்தபோது அம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டார், நிறுத்தச் சொல்லவில்லை. 'ரம்பம்' வந்தபோது சிரித்தார். ராஜ்குமார் விடுதலையான செய்தி வந்த காலையைப் பற்றி மகள் இப்படி எழுதியிருந்தார்: அன்றைக்குக் கௌதள்ளியில் நல்ல மழை, வானமே இளகிவிட்டது போல.

"மழையா? அன்னிக்கா?"

"ஆமாம்மா, எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு."

அம்மா எழுந்து போய் டப்பாவைக் கொண்டுவந்தார். 2000-ஆம் வருஷக் கட்டை அவிழ்த்து, விரலை எச்சில் தொட்டுத் தொட்டு நவம்பர் வரை தள்ளி, 16-ஆம் தேதித் தாளை எடுத்து மகள் கையில் கொடுத்தார். வியாழக்கிழமை. பின்பக்கத்தில் பென்சில் மங்கியிருந்தாலும் படிக்க முடிந்தது.

'நல்ல வெய்யில். டீ 43. யாருகிட்டயும் காசு வாங்கல. கவுதள்ளி பூரா தமிழ் கன்னடம் எல்லாம் ஒரே சத்தம்.'

"வெய்யில்னு எழுது" என்றார் அம்மா. மகள் பேனாவை எடுத்து மழையை அடித்தார்.